பட்டியலில் எத்தனையாவது

ஜூன் 4

இன்று மகனுக்கு முதல் குதிப்பு. காட்டுத்தீயை அணைக்க விமானத்திலிருந்து பாராசூட்டில் குதிக்கிற வேலைக்குப் பயிற்சி எடுக்கிறான். சாயங்காலம் போன் செய்தான். "இறங்கிட்டேன்மா" என்றான். அப்புறம் மேலே போகும்போது இரண்டு தடவை வாந்தி எடுத்ததையும் சொன்னான். சின்ன வயதில் மலைப்பாதையில் கார் வளைந்தாலே எடுப்பான். கேட்டதும் எனக்கு நிம்மதியாக இருந்தது.

ஜூன் 5

பதினாறாவது ஆள். ராத்திரி மூன்று மணி வரை அதே நினைப்பு.

ஜூன் 9

மதியம் வந்தான். சாப்பிட்டுவிட்டு நேராக என் தையல் மிஷின் முன்னால் உட்கார்ந்தான். பட்டன் அறுந்தால்கூட சட்டையை என்னிடம் நீட்டிய பிள்ளை. அங்கே எல்லோரும் தைக்கிறார்கள். குதிக்கும் உடுப்பு, சாமான் சுமக்கும் பை, பட்டை எல்லாம் அவர்களே வெட்டித் தைத்து, கிழிந்தால் அவர்களே ஒட்டுப்போடுகிறார்கள். கெவ்லார் துணி, மொத்தமாக உள்திண்டு. மரக்கிளை கழுத்தில் குத்தாமல் இருக்கக் காலர் காது வரை நிமிர்ந்து நிற்கும். முகத்துக்குக் கம்பி வலை.

பழைய ஜீன்ஸ் துண்டைக் கொடுத்துத் தைக்கச் சொன்னேன். கோடு நேராகத்தான் போனது. முடிக்கிற இடத்தில் அப்படியே நூலை அறுத்துவிட்டான். அப்பாவின் கடையில் அப்படி விட்டால் விரலில் ஸ்கேல் விழும். "திருப்பி நாலு தையல் போட்டுக் கெட்டி பண்ணு. இல்லேன்னா இழுக்கிற பக்கம் பிரிஞ்சுக்கும்" என்றேன். "இது பைதாம்மா, பாராசூட் இல்ல" என்றான். எதுவாக இருந்தால் என்ன? பத்துத் தடவை போட வைத்தேன்.

ஜூன் 14

110 பவுண்டு. கிட்டத்தட்ட 50 கிலோ. அதைத் தூக்கிக்கொண்டு 3 மைல் நடந்து காட்ட வேண்டும். தீ அணைந்த பிறகு குதித்த பாராசூட், ரம்பம், மிச்சச் சாமான் எல்லாவற்றையும் அவர்களே சுமந்து பாதை வரை வர வேண்டியிருக்குமாம். இரண்டு தோளிலும் பட்டை பதிந்த தடம். தேங்காய் எண்ணெய் தடவிவிட்டேன். பேசிக்கொண்டிருக்கும்போதே தூங்கிவிட்டான்.

ஜூன் 16

வாந்தி நின்றுவிட்டதாம்.

ஜூன் 22

விமான நிலையத்தை ஒட்டிய அருங்காட்சியகத்துக்கு இவரோடு போனேன். போகாமல் இருந்திருக்கலாம். ஆனால் போகாமல் இருக்கவும் முடியவில்லை. அந்த விமானம் அங்கேதான் இருக்கிறது. மிஸ் மான்டானா. 2019-இல் அட்லாண்டிக்கைத் தாண்டி நார்மண்டி வரை பறந்திருக்கிறது. 1949 ஆகஸ்ட் 5 அன்று காட்டுத்தீயை அணைக்க இதில்தான் பதினாறு பேர் எங்கள் ஊர் மிசூலாவிலிருந்து ஏறினார்கள். மான் கல்ச் பள்ளத்தாக்குக்கு மேலே காற்று போட்ட குலுக்கலில் ஒருவருக்கு உடம்புக்கு முடியாமல் போய்விட்டது. அந்தப் பதினாறாவது ஆள் அவர்தான். அவர் குதிக்கவில்லை. அதே விமானத்தில் திரும்பி வந்து வேலையை விட்டுவிட்டார். மற்றப் பதினைந்து பேரும் குதித்தார்கள்.

கதவு நான் நினைத்ததைவிடச் சின்னது. விளிம்பில் கை வைத்தேன், சில்லென்று இருந்தது. இந்தக் கதவோரம் உட்கார்ந்து, கீழே இடம் பார்த்து, ஒவ்வொருவரையும் தட்டி அனுப்பிய கை ஒன்று உண்டு. எனக்கு அந்தக் கையை விட்டு மனம் நகரவில்லை.

ஜூன் 28

பயிற்சி முடிந்தது. சட்டையில் சிறகுச் சின்னம். அழக்கூடாது என்று நினைத்துத்தான் போனேன்.

ஜூலை 3

அடுத்துக் குதிக்கப் போகிறவர்கள் பட்டியலில் 14-ஆவது. போய்விட்டு வருகிறவர் கடைசிக்குப் போவார், மற்றவர்கள் ஒவ்வொரு இடமாக மேலே வருவார்கள். தினம் காலையில் எண்ணை மட்டும் அனுப்பச் சொல்லியிருக்கிறேன். வேறு எதுவும் எழுத வேண்டாம்.

ஜூலை 8

9.

ஜூலை 12

1940-இல் இதே நாளில் ஐடஹோவின் நெஸ் பர்ஸ் காட்டில் எரியும் தீக்குப் பக்கத்தில் முதன்முதலாக இரண்டு பேர் குதித்தார்கள். ரூஃபஸ் ராபின்சன், ஏர்ல் கூலி. அதுவரை மலையுச்சிக் கோபுரத்திலிருந்து புகை தெரிந்தாலும், பாதையில்லாத காட்டில் நடந்து போய்ச் சேருவதற்குள் தீ கையை மீறியிருக்கும். சின்னதாக இருக்கும்போதே பக்கத்தில் ஆளை இறக்க வேண்டும். இந்த வேலையே அதற்காகத்தான். இதை யார் வேண்டாம் என்று சொல்ல முடியும்? நானே சொல்ல மாட்டேன்.

கூலிக்குப் பாராசூட் கயிறுகள் முறுக்கிக்கொண்டன. எப்படியோ விரிந்து, ஒரு ஸ்ப்ரூஸ் மரத்தில் போய் மாட்டினார். அடி இல்லை.

ஒன்பது வருஷம் கழித்து மிஸ் மான்டானாவின் கதவோரம் உட்கார்ந்திருந்தவர் இதே கூலிதான். இதே கை. 2009-இல் 98 வயதில் இந்த ஊரிலேயே காலமானார். நாங்கள் இங்கே வந்து அப்போது ஆறு வருஷம் ஆகியிருந்தது. மளிகைக் கடை வரிசையில் எனக்கு முன்னால் நின்றிருப்பாரோ என்னவோ. நின்றிருந்தால் அந்தக் கையைப் பார்த்திருப்பேன். கேட்க ஒன்றும் வாய் வந்திருக்காது.

ஜூலை 13

ராத்திரி முழுக்க இடி. மழை இல்லை. 4.

ஜூலை 14

2.10-க்குச் செய்தி: "போறேன்மா."

ஜூலை 15

ஒன்றும் இல்லை. அங்கே போன் எடுக்காது, தெரியும். அவர்களுக்குப் பின்னாலேயே இரண்டு மூன்று நாளுக்குச் சாப்பாடும் தண்ணீரும் பாராசூட்டில் போட்டுவிடுவார்கள், அதுவும் தெரியும். இவர் என்னைத் தேற்றுவதற்காக ஸ்டூவர்ட் ரூசாவைப் பற்றிச் சொன்னார். இந்த வேலை பார்த்தவர் பின்னாளில் 1971-இல் அப்பல்லோ 14-இல் போனார், நூற்றுக்கணக்கான மர விதைகளைக் கூடவே எடுத்துப்போய் நிலாவைச் சுற்றிவிட்டுக் கொண்டுவந்தார். "அவ்வளவு தூரம் போனவரே திரும்பி வந்தாரே" என்றார். இரண்டு வாய் சாதம் இறங்கியது.

ஜூலை 16

இல்லை.

ஜூலை 17

வந்துவிட்டான்.

மின்னல் விழுந்த ஒற்றை மரம்தானாம், சுற்றிக் கால் ஏக்கர்கூட இல்லை. இரண்டு பேர். புலாஸ்கியால் வெட்டி, கொத்தி (ஒரு பக்கம் கோடாலி, மறுபக்கம் களைக்கொத்து), வேர், சருகு எதுவும் இல்லாமல் வெறும் மண் தெரியும்வரை சுற்றிலும் கோடு இழுத்திருக்கிறார்கள். அதற்கப்புறம்தான் பெரிய வேலை. கையுறையைக் கழற்றிவிட்டு, வெறுங்கையால் சாம்பலை ஓரிடம் விடாமல் தொட்டுப் பார்க்க வேண்டும். எங்கேயும் சூடு இல்லையென்றால்தான் கிளம்பலாம். காய்ச்சல் பிள்ளையைத் தொட்டுப் பார்க்கிற மாதிரி புறங்கையால் காட்டினான். நகக்கண்ணெல்லாம் கறுப்பு. சோப்புப் போட்டும் போகவில்லை. ரசம் சாதத்தை அந்தக் கையால் பிசைந்து சாப்பிட்டான். பார்த்துக்கொண்டே இருந்தேன்.

முதுகில் யார் தட்டினார்கள் என்று கேட்டேன். "ஏம்மா அதைக் கேக்கற?" என்றான்.

ஜூலை 29

11. புகையில் மலை தெரியவில்லை.

ஆகஸ்ட் 5

1949-இல் இதே நாள், மான் கல்ச். குதித்து இரண்டு மணி நேரம்கூட ஆகவில்லை. கீழே இருந்த தீ பள்ளத்தாக்கைத் தாண்டி, காய்ந்த புல்லில் ஏறி அவர்களைத் துரத்தியது. தலைவர் வாக் டாட்ஜ் ஒரு கட்டத்தில் ஓடுவதை நிறுத்திவிட்டார். தன் முன்னால் இருந்த புல்லுக்குத் தானே தீ வைத்து, எரிந்து முடிந்த சாம்பலில் குப்புறப் படுத்துக்கொண்டு, மற்றவர்களையும் வரச் சொன்னார். யாரும் வரவில்லை. அப்படியொன்றை அவர்கள் அதற்குமுன் பார்த்ததில்லை. இரண்டு பேர் மேலே பாறை இடுக்குக்குள் புகுந்து தப்பினார்கள். பதிமூன்று பேர் போய்விட்டார்கள். அதில் ஒருவர் தரைவழியாக வந்து சேர்ந்துகொண்டவர். ஒருவருடைய கைக்கடிகாரம் 5.56-இல் நின்றிருந்தது. அந்தச் சரிவில் இப்போது பன்னிரண்டு சிலுவையும் ஒரு தாவீது நட்சத்திரமும் இருக்கின்றன.

ரேடியோவைக் கட்டி இறக்கிய பாராசூட் விரியவில்லை. ரேடியோ நொறுங்கிவிட்டது. எல்லோரும் தீயைப் பேசுகிறார்கள். எனக்கு விரியாத அந்தத் துணிதான் கண்ணுக்குள் நிற்கிறது.

பயிற்சியில் டாட்ஜ் செய்ததைச் சொல்லிக்கொடுத்தார்களா என்று அவனிடம் கேட்டேன். "முதல் வாரமே" என்றான்.

5.56-க்கு விளக்கு ஏற்றினேன்.

ஆகஸ்ட் 6

மால்வின் பிரவுன். 1945-இல் இதே தேதி, ஆரிகன் காட்டில். கறுப்பினப் பாராசூட் வீரர்கள் மட்டுமே இருந்த 555-ஆவது படைப்பிரிவின் மருத்துவ உதவியாளர். ஜப்பான் பலூனில் கட்டி அனுப்பிய குண்டுகளால் காடு பற்றிக்கொள்ளும் என்று பயந்து அவர்களை அங்கே அனுப்பினார்கள். மரத்தில் மாட்டி, கயிற்றில் இறங்கும்போது விழுந்துவிட்டார். இந்த வேலையில் போன முதல் உயிர். அவருடைய அம்மாவுக்கு யார் போய்ச் சொன்னார்கள்?

இவன் கால் பையில் 150 அடிக் கயிறு இருக்கிறது. மறுபடியும் கேட்டு உறுதி செய்துகொண்டேன்.

ஆகஸ்ட் 8

2. நேற்று ராத்திரி வீட்டில்தான் இருந்தான். அவன் தூங்கின பிறகு பையின் பட்டையைத் திருப்பிப் பார்த்தேன். முனையில் நூலைத் திருப்பிக் கெட்டி பண்ணியிருக்கிறான். எண்ணினேன். நாலு.

ஆகஸ்ட் 9

1.

சைரன் இங்கே வரை கேட்காது. சன்னலைத் திறந்து வைத்திருக்கிறேன். மேற்கே மேகம் கறுத்துக்கொண்டு