மூன்றாம் முறை தேறிய பாஸ்போர்ட் போட்டோ

கவுன்டரில் இருந்தவர் கோடு போட்ட ஒரு கண்ணாடி பிளாஸ்டிக் தகட்டை எடுத்து, நான் வீட்டிலேயே எடுத்த பாஸ்போர்ட் படத்தின் மேல் வைத்தார். தாடை கீழ்க்கோட்டில் சரியாக உட்கார்ந்தது. உச்சந்தலை மேல்கோட்டைத் தாண்டி நின்றது. "சைஸ் சரியில்லைங்க, வேற எடுத்துட்டு வாங்க." எவ்வளவு கூட, எதைக் குறைக்க வேண்டும் என்று கேட்டதற்குப் பதிலே இல்லை. வெளியே வந்து ஸ்கேல் வைத்துப் பார்த்தால் தலை 37 மி.மீ. இருக்கவேண்டியது 32 முதல் 36 வரை. ஒரு மில்லிமீட்டருக்கு ஒரு நாள் அலைச்சல். அதற்கு முந்தைய முறை திருப்பியனுப்பக் காரணம், காதுக்குப் பின்னால் சுவரில் விழுந்த நிழல். இரண்டையும் சரிசெய்த மூன்றாவது படத்தை மறுபேச்சில்லாமல் வாங்கிக்கொண்டார்கள். ஸ்டுடியோ தேவைப்படவில்லை. செலவு, ஒரே ஒரு 4×6 அங்குல பிரிண்டுக்கான காசுதான்.

அந்த ஒரு மில்லிமீட்டர் எங்கிருந்து வந்தது என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன், வீட்டில் எடுக்கும் படங்களுக்குப் பெரும் வில்லங்கம் அதுதான். திரையில் தலையை 36 மி.மீ. என்று சரியாகத்தான் வைத்திருந்தேன். ஆனால் போட்டோ லேபில் ஓரம் விடாமல் அடிக்கும் பார்டர்லெஸ் பிரிண்டில், தாளின் விளிம்பில் வெள்ளைக் கீற்று தெரிந்துவிடக் கூடாது என்பதற்காக மெஷின் முழுப் படத்தையும் சில சதவீதம் பெரிதாக்கும். 3 சதவீதம் பெரிதானால் 36 என்பது 37 ஆகிவிடும். வெறும் கண்ணுக்குத் தெரியாது, தகடு வைத்தால் தெரிந்துவிடும்.

மருந்து எளிது. படம் திருத்தும் ஆப்பில் 1800×1200 பிக்சலில் ஒரு வெள்ளைத் தாளைத் திறந்துகொள்ளுங்கள். 300 டிபிஐயில், அதாவது அங்குலத்துக்கு 300 புள்ளி கணக்கில், அது 6×4 அங்குலம். 35×45 மி.மீ. படம் ஒன்றுக்கு 413×531 பிக்சல். மேல் வரிசையில் நான்கு, கீழே நான்கு, ஆக எட்டு தாராளமாக அடங்கும். படங்களுக்கு நடுவே கிடைக்கும் இடத்தில் 591 பிக்சல் நீளத்துக்கு ஒரு கோடு போடுங்கள். அது 50 மி.மீ. பிரிண்ட் கைக்கு வந்ததும் முதலில் அந்தக் கோட்டை அளக்க வேண்டும். 50 இருந்தால் வெட்டலாம். 51.5 இருந்தால் படங்களை 97 சதவீதமாகச் சுருக்கி, அதே 1800×1200 தாளில் வைத்து மறுபடி அடியுங்கள். தாளை மொத்தமாகச் சுருக்கிக் கொடுத்தால் மெஷின் திரும்ப இழுத்துப் பெரிதாக்கிவிடும்.

தலையை 36-க்கு வைத்ததும் தப்புதான். எல்லையில் போய் நிற்காமல் 34-ல் வையுங்கள். பிக்சல் கணக்கில் 402. தாடை நுனியிலிருந்து மண்டை உச்சி வரைக்கும்தான் இந்த அளவு. தூக்கி வாரிய முடியும் கொண்டையும் கணக்கில் சேராது. அதற்காக முடியின் மேல்பகுதி படத்தில் வெட்டுப்படவும் கூடாது.

எல்லா நாட்டுக்கும் 35×45 கிடையாது. அமெரிக்காவுக்கு 2×2 அங்குலம், தலை 25 முதல் 35 மி.மீ. கனடா பாஸ்போர்ட்டுக்கு 50×70, முகம் 31 முதல் 36. 2×2 படம் ஆறு, 6×4 தாளில் கச்சிதமாக உட்காரும் என்று ஆசைப்பட்டு அடுக்காதீர்கள். மெஷின் பெரிதாக்கும்போது வெளிப்பக்க விளிம்புகள் எல்லாம் வெட்டுப்படும். நடுவில் இரண்டு மட்டும் வைத்துச் சுற்றிலும் இடம் விட்டால் போதும்.

லேபில் கொடுக்கும்போது, கலர் திருத்தம், தானாக ஓரத்தை வெட்டும் ஆட்டோ க்ராப் இரண்டையும் நிறுத்தச் சொல்லுங்கள். வெள்ளை அதிகமாக இருக்கும் தாளைப் பார்த்ததும் வெளிச்சம் கூடிப்போன படம் என்று நினைத்து மெஷின் இருட்டடித்துவிடும். முகம் கறுத்து, பின்னணி சாம்பல் பூத்து வரும்.

இனி நிழல். சுவரோடு ஒட்டி நிற்பதுதான் நிழலுக்குக் காரணம். சுவரிலிருந்து அரை மீட்டராவது, முடிந்தால் ஒரு மீட்டர் முன்னால் வந்து நிற்க வேண்டும். பிளாஷ் வேண்டவே வேண்டாம். பகலில், நேர் வெயில் விழாத பெரிய ஜன்னலைப் பார்த்தபடி நில்லுங்கள். ஜன்னல் பக்கவாட்டில் இருந்தால் மூக்கின் ஒரு பக்கம் இருண்டுவிடும். மேலே எரியும் பல்பை அணைத்துவிடுங்கள், இல்லையென்றால் கண்குழியில் நிழலும் தோலில் மஞ்சளும் சேரும். கழுத்தடியில் மிச்சமிருக்கும் இருட்டுக்கு, இடுப்பளவில் ஒரு வெள்ளைத் தாளையோ துண்டையோ படத்தில் விழாமல் பிடித்தால் போதும். வெள்ளைச் சுவருக்கு வெள்ளைச் சட்டை ஆகாது, தோள் எங்கே முடிகிறது என்றே தெரியாமல் போகும்.

செல்பி எடுத்து அனுப்பலாமா என்று கேட்பவர்களுக்கு ஒரே பதில்: கூடாது. கை நீளத்தில் எடுத்தால் மூக்கு பெருத்து, காது பின்னால் ஒளிந்துகொள்ளும். பின்பக்க கேமராவைக் கண் உயரத்தில், ஒன்றரை மீட்டர் தள்ளி வைத்து, வேறொருவர் எடுக்கட்டும். ஆளில்லையென்றால் டைமர். தூரத்தில் எடுத்துவிட்டுப் பிறகு க்ராப் செய்துகொள்ளலாம், போனின் பிக்சல் இந்த அளவுக்கு ஏராளம். போர்ட்ரெய்ட் மோடும் அழகுபடுத்தும் வசதியும் அணைந்திருக்கிறதா என்று இரண்டு முறை பாருங்கள். போர்ட்ரெய்ட் மோடு காதோரத்தையும் முடியையும் மங்கலாக்கிவிடும். பின்னணியை அழித்து வெள்ளை ஆக்கும் ஆப்கள் முடியோரத்தைக் கத்தரித்ததுபோல் விடும். ஆப், ஃபில்டர், செயற்கை நுண்ணறிவு கொண்டு படத்தை மாற்றக் கூடாது என்று அமெரிக்க வெளியுறவுத் துறை வெளிப்படையாகவே சொல்கிறது. சுவரை மாற்றிக்கொள்வது ஆப்பை நம்புவதைவிட எளிது. மூக்குக்கண்ணாடியைக் கழற்றிவிடுங்கள். அமெரிக்கா 2016 நவம்பரிலிருந்து ஏற்பதில்லை, ஏற்கும் இடங்களிலும் லென்சில் பளிச்சென்று வெளிச்சம் அடித்தால் கதை முடிந்தது. வாய் மூடி, கண் திறந்து, நேராகப் பார்ப்பதெல்லாம் தெரிந்ததுதானே.

கைக்குழந்தைக்குத் தரையில் சுருக்கமில்லாத வெள்ளை விரிப்பு, ஜன்னலோரம், மேலிருந்து படம். எடுப்பவரின் நிழல் குழந்தை மேல் விழாதபடி ஜன்னலுக்கு எதிர்ப்பக்கம் நின்றுகொள்ளுங்கள். தலையைத் தாங்கும் கை படத்தில் தெரியக் கூடாது.

ஆன்லைனில் ஏற்றுவதற்கு மூலப் படத்தையே பயன்படுத்துங்கள். பிரிண்டை ஸ்கேன் செய்தால் புள்ளிபுள்ளியாகத் தெரியும். வாட்ஸ்அப்பில் போட்டோவாக அனுப்பினால் சுருங்கிவிடும், டாக்குமென்டாக அனுப்புங்கள். ஐபோன் படம் ஹெச்இஐசி வடிவில் இருந்தால் ஃபைல் பெயரின் கடைசி எழுத்துகளை மட்டும் மாற்றிப் பயனில்லை, ஜேபெக்காகவே சேமிக்க வேண்டும்.

வெட்டும்போது கத்தரிக்கோல் கோணும். இரும்பு ஸ்கேலும் பிளேடும்தான் சரி. வெள்ளைப் பின்னணி, வெள்ளைத் தாள் என்பதால் எங்கே வெட்டுவதென்று தெரியாது. தாள் தயாரிக்கும்போதே ஒவ்வொரு படத்தின் மூலைக்கும் வெளியே சின்னக் குறி போட்டுவிடுங்கள். முழுக் கட்டம் போட்டால் கறுப்புக் கோடு படத்தோடு ஒட்டிக்கொண்டு வரும்.

மீதிப் பிரதிகளைக் கவரில் போட்டு, எடுத்த தேதியைக் கவரின் மேல் எழுதுங்கள். படத்தின் பின்னால் பால்பாயின்ட் பேனாவால் எழுதினால் முகத்தில் தடம் எழும்பும். 6 மாதம் தாண்டிய படத்தைப் பல நாடுகள் வாங்குவதில்லை, பிரிட்டன் ஒரு மாதத்துக்குள் எடுத்ததையே கேட்கிறது.