ரேமண்டைத் தேடும் முன் பூனைகளை எண்ணுங்கள்

நின்டெண்டோ ஸ்விட்சில் ஆடும் அனிமல் கிராஸிங்: நியூ ஹொரைசன்ஸ் கேமில், நம் தீவில் குடியிருக்கும் விலங்குகளுக்கு வில்லேஜர்கள் என்று பெயர். அவர்களில் "அரிய வில்லேஜர்" என்று யாரும் கிடையாது. எல்லோரும் தேடும் ரேமண்ட் என்ற பூனைக்கும் சரி, யாரும் சீண்டாத ஒரு எலிக்கும் சரி, கேமுக்குள் தங்க முத்திரையோ தனி அந்தஸ்தோ கொடுக்கப்படவில்லை. ஆனாலும் நூக் மைல்ஸ் என்ற கேம் புள்ளிகளால் டிக்கெட் வாங்கி, வேறு தீவுகளுக்குப் பறந்து ஆள் தேடும்போது, நூறு டிக்கெட் செலவழித்தும் சிலர் கண்ணில் படமாட்டார்கள், சிலர் பத்தாவது பயணத்திலேயே எதிரே வந்து நிற்பார்கள். காரணம் வெறும் கணக்கு. அதைப் புரிந்துகொண்டு போனால் மைல்ஸும் மிஞ்சும், மனசும் சோர்ந்து போகாது.

டிக்கெட் கொடுத்துப் போகும் தீவான மிஸ்டரி ஐலண்டில் உங்களுக்காகக் காத்திருப்பவரை கேம் இரண்டு படியாகத் தேர்ந்தெடுக்கிறது. முதலில் இனம். மொத்தம் 35 இனங்கள், எல்லாவற்றுக்கும் சம வாய்ப்பு. அதன் பிறகுதான் அந்த இனத்துக்குள் ஒரு ஆள். அப்படியானால் பெரிய குடும்பத்தில் பிறந்தவர் அரிதாகிறார், சிறிய குடும்பத்தில் பிறந்தவர் எளிதாகக் கிடைக்கிறார். பூனைகள் 23 பேர். ரேமண்ட் வர வேண்டுமானால் முதலில் 35-இல் ஒன்றாகப் பூனை இனம் விழ வேண்டும், பிறகு 23-இல் ஒன்றாக அவர் விழ வேண்டும். 35-ஐ 23-ஆல் பெருக்கினால் 805. ஒவ்வொரு டிக்கெட்டுக்கும் 805-இல் ஒரு வாய்ப்பு.

ஆக்டோபஸ் இனத்தைப் பாருங்கள். கேம் 2020 மார்ச் 20 அன்று வெளிவந்தபோது மரீனா, சக்கர், ஆக்டேவியன் என்று மூன்றே பேர். 2021 நவம்பரில் வந்த 2.0 அப்டேட் செஃபலோபாட்டைச் சேர்த்ததும் நான்காயிற்று. எனவே மரீனாவுக்கு 140-இல் ஒரு வாய்ப்பு. "ஆக்டோபஸ் அரிது, நாலு பேர்தானே இருக்கிறார்கள்" என்று பலர் நினைப்பது நேர் எதிரான கணக்கு. நாலு பேர் மட்டும் இருப்பதால்தான் தனித்தனியாக அவர்கள் எளிது. எட்டு ஆடுகளில் ஒருவரான ஷெர்புக்கு 280-இல் ஒன்று. 2.0 அப்டேட்டில் வந்த ஷீனோவுக்கு, மிஸ்டரி ஐலண்டில் வரக்கூடிய மான்கள் 11 என்பதால் 385-இல் ஒன்று. மார்ஷல் 19 அணில்களில் ஒருவர், ஆக 665-இல் ஒன்று.

இந்த எண்களை மைல்ஸாக மாற்றிப் பார்த்தால்தான் உறைக்கும். ஒரு நூக் மைல்ஸ் டிக்கெட் 2,000 மைல்ஸ். ரேமண்ட் ஒருவருக்காகவே கிளம்பினால், 100 டிக்கெட் போட்டாலும் அவர் கிடைக்கும் வாய்ப்பு சுமார் 12 சதவீதம். பாதிக்குப் பாதி என்ற நிலையை எட்டவே 558 டிக்கெட் வேண்டும், அதாவது 11 லட்சத்து 16 ஆயிரம் மைல்ஸ். ஆக்டோபஸில் யாராக இருந்தாலும் சரி என்றால் அதே பாதி வாய்ப்புக்கு 24 டிக்கெட் போதும்.

ஆகவே ஒரே பெயரை வைத்துக்கொண்டு டிக்கெட் வேட்டைக்குப் போகாதீர்கள். பட்டியல் போடுங்கள். ரேமண்ட், மார்ஷல், ஷீனோ, ஷெர்ப், மரீனா ஆகிய ஐந்து பேரில் யார் வந்தாலும் அழைப்பேன் என்று முடிவெடுத்தால், ஒரு டிக்கெட்டின் வாய்ப்பு ஏறக்குறைய 62-இல் ஒன்றாகிவிடும், 43 டிக்கெட்டில் பாதி வாய்ப்பை எட்டலாம். பட்டியலை ஏர்போர்ட்டுக்குப் போகும் முன்பே எழுதிவிட வேண்டும். முப்பதாவது தீவில், களைத்துப்போன நேரத்தில், "பரவாயில்லை, இவரும் நல்லவர்தான்" என்று அழைத்த ஆளைப் பிறகு வழியனுப்பக் காத்திருக்கும் நாட்கள்தான் இந்த வேட்டையிலேயே பெரிய விரயம்.

இன்னொரு நுணுக்கம் உண்டு. உங்கள் தீவில் ஏற்கெனவே வசிப்பவர் மிஸ்டரி ஐலண்டில் வரமாட்டார். சக்கர் உங்களிடம் இருந்தால் மீதி மூன்று ஆக்டோபஸ்களுக்கும் தலா 105-இல் ஒன்று என்று கணக்கு மேம்படும். சிறிய இனத்தில் இது நல்ல லாபம், பூனையில் உணரவே முடியாது.

இனி மனை, அதாவது புதியவரின் வீட்டுக்கான இடம். ஒரு தீவில் அதிகபட்சம் 10 வில்லேஜர்கள். பத்தும் நிறைந்திருந்தால் மிஸ்டரி ஐலண்டில் யாருமே இருக்கமாட்டார்கள். டிக்கெட் கொடுத்துப் போய் வெறும் மரத்தையும் பாறையையும் பார்த்துவிட்டுத் திரும்ப வேண்டியதுதான். பத்துக்குக் குறைவாக இருந்தால் தீவு நிர்வாகி டாம் நூக்கிடம் 10,000 பெல்லுக்கு (கேமின் பணம்) மனை வாங்கி இடம் குறித்துவிடலாம். நிறைந்திருந்தால் ஒருவர் கிளம்ப வேண்டும்.

நியூ ஹொரைசன்ஸில் உங்களைக் கேட்காமல் யாரும் ஊரை விட்டுப் போகமாட்டார்கள். போக நினைப்பவரின் தலைக்கு மேல் யோசனை மேகம் மிதக்கும். ஆனால் புதிய பட்டப்பெயர் வைக்கவோ வணக்கம் சொல்லும் விதத்தை மாற்றவோ கேட்பதற்கும் அதே மேகம்தான் வரும், அதனால் பேசிப் பார்த்த பிறகே தெரியும். வலையால் அடிப்பது, தீவு அலுவலக உதவியாளர் இசபெலிடம் புகார் கொடுப்பது இரண்டும் யாரையும் வெளியேற்றாது. புகார் கொடுத்தால் அவருடைய உடை அல்லது பேச்சுவழக்கு பழையபடிக்குத் திரும்பும், அவ்வளவே. இதை நம்பி வாரக்கணக்கில் அடித்துக்கொண்டிருப்பவர்கள் இன்னும் இருக்கிறார்கள். பாவம் அந்த வில்லேஜர்.

ஞாயிற்றுக்கிழமை "போய் வா" என்று சொன்னால், திங்கட்கிழமை அவர் வீட்டுக்குள் பெட்டி கட்டிக்கொண்டிருப்பார். செவ்வாய்க்கிழமை மனை காலியாகி விற்பனைப் பலகை நிற்கும். வேட்டைக்கான நாள் அந்தச் செவ்வாய்தான். அன்று யாரையும் அழைக்காமல் விட்டால், புதன் அதிகாலை 5 மணிக்கு கேமின் நாள் மாறும்போது மனையை கேமே யாருக்காவது கொடுத்துவிடலாம். நள்ளிரவு அல்ல, அதிகாலை 5 என்பதை மறக்கக் கூடாது. இரவு 2 மணிக்கு ஆடிக்கொண்டிருந்தாலும் கேமுக்கு அது இன்னும் செவ்வாய்தான். ஆனால் 4:50-க்கு "இன்னும் ஒரே ஒரு டிக்கெட்" என்று கிளம்புவது வீண் சூது.

நாள் போதவில்லையென்றால், நள்ளிரவில் தேதி மாறும் முன்பே கேமைச் சேமித்து முழுவதுமாக மூடிவிட்டு, ஸ்விட்ச் கடிகாரத்தை அதே தேதியின் காலைக்குத் திருப்பி வைப்பவர்கள் உண்டு. கேமின் நாள் மாறாததால் மனை காலியாகவே இருக்கும். தேதியில் கை வைக்காமல் நேரத்தை மட்டும் மாற்ற வேண்டும்.

டிக்கெட்டுகளை முன்கூட்டியே சேர்த்து வையுங்கள். செவ்வாய்க்கிழமை உட்கார்ந்து மைல்ஸ் சேர்க்கத் தொடங்கினால் பொழுது அதிலேயே போய்விடும். தீவு அலுவலகமான ரெசிடென்ட் சர்வீசஸில் உள்ள நூக் ஸ்டாப் மெஷினைத் தினமும் ஒரு முறை தொட்டாலே, விடாமல் ஏழு நாள் வந்த பிறகு நாளுக்கு 300 மைல்ஸ் கிடைக்கும். மீதி நூக் மைல்ஸ் பிளஸ் பணிகளில். பூச்சி பிடி, களை பறி, மரம் வெட்டு என்று வருபவற்றில் சேர்ந்தே முடியக்கூடியவற்றை ஒன்றாக முடிப்பது நல்லது. பையின் ஒரு கட்டத்தில் 10 டிக்கெட் அடங்கும், ஆகவே 50 டிக்கெட் என்றாலும் ஐந்து கட்டம்தான்.

கூடவே எடுத்துப்போக வேண்டியவை தாண்டு கம்பும் ஏணியும். இரண்டும் உடையாதவை. வில்லேஜர் ஆற்றுக்கு அக்கரையிலோ மேட்டின் மேலோ நின்றால் இவை இல்லாமல் பேசவே முடியாது. ஏணியை மறந்துவிட்டுப் போய், மேட்டின் மேல் நிற்பவரைக் கீழிருந்து அண்ணாந்து பார்த்துவிட்டு வருவதைப் போல் வயிற்றெரிச்சல் வேறில்லை.

ஏர்போர்ட் கவுன்டரில் ஆர்வில் பேசுவதும், விமானி வில்பர் வானொலிப் பாணியில் சொல்வதும் ஒவ்வொரு பயணத்துக்கும் மாறாமல் வரும். பி பொத்தானை அழுத்திக்கொண்டே இருந்தால் வேகமாக நகரும். ஒரு தீவிலிருந்து நேராக அடுத்த தீவுக்குப் போக முடியாது, ஒவ்வொரு முறையும் ஊருக்குத் திரும்பித்தான் புறப்பட வேண்டும். வேட்டை நாளில் பழம் பறிப்பது, மீன் பிடிப்பது எல்லாம் வேண்டாம். இறங்கு, ஆளைப் பார், பட்டியலில் இல்லையென்றால் திரும்பு.

பட்டியலில் இருப்பவர் என்றால் அவசரம் வேண்டாம். முதல் பேச்சிலேயே அழைக்கும் வாய்ப்பு வராமல் போகலாம், மறுபடி பேசுங்கள். அழைப்பை ஏற்று உங்கள் ஊருக்கு வருவதாக அவர் தெளிவாகச் சொன்ன பிறகே கிளம்ப வேண்டும். வணக்கம் மட்டும் சொல்லிவிட்டு "சரி, வந்துவிடுவார்" என்று நினைத்துத் திரும்பியவர்கள் அவரை இழந்தார்கள். ஊருக்கு வந்ததும் மனைப் பலகையைப் படித்துப் பாருங்கள், விற்றுவிட்டது என்று அவர் பெயரோடு இருக்க வேண்டும்.

2.0-இல் வந்த படகோட்டி காப்பனின் தீவுப் பயணத்தை இதோடு குழப்பிக்கொள்ளாதீர்கள். 1,000 மைல்ஸ்தான், ஆனால் நாளுக்கு ஒரே முறை, அந்தத் தீவுகளில் அழைத்துவர வில்லேஜர் எவரும் இருக்கமாட்டார்.

பெரிய இனத்துக்காரரைத்தான் வேண்டும் என்று அடம்பிடிப்பவர்களுக்கு உங்கள் தீவில் விருந்தாளி வந்து கூடாரமடிக்கும் கேம்ப்சைட்டே நல்ல வழி. அங்கே கணக்கு இனத்தை வைத்து அல்ல, குணத்தை வைத்து. மொத்தம் எட்டுக் குணங்கள். உங்கள் தீவில் ஏதாவது ஒரு குணத்துக்காரர் இல்லையென்றால், கூடாரத்துக்கு வருபவர் அந்தக் குணத்திலிருந்து வருவார். ரேமண்ட் ஸ்மக் (தற்பெருமைக்கார) குணம். மற்ற ஏழு குணங்களும் தீவில் இருந்து ஸ்மக் மட்டும் இல்லாதபடி பார்த்துக்கொண்டால், வருகிற விருந்தாளி ஸ்மக் கூட்டத்தில் ஒருவராக இருப்பார். அந்தக் கூட்டம் முப்பதைச் சற்றுத் தாண்டும். 805 எங்கே, முப்பத்துச் சொச்சம் எங்கே! குறை என்னவென்றால் கூடாரத்துக்குத் தினமும் ஆள் வருவதில்லை, பொறுமை வேண்டும். மரீனாவைப் போன்ற சிறிய இனத்துக்காரருக்கு டிக்கெட், ரேமண்டைப் போன்றவருக்குக் கூடாரம் என்று பிரித்துக்கொள்வதே சரி.

கூடாரத்து விருந்தாளியைச் சம்மதிக்கவைக்கத் திரும்பத் திரும்பப் பேச வேண்டியிருக்கும். சில நேரம் சீட்டு யூகிக்கும் விளையாட்டு வைப்பார், தோற்றாலும் மறுபடி கேட்கலாம். பத்து பேரும் நிறைந்திருந்தால் யாருடைய இடத்துக்கு வருவது என்பதை அவரே சொல்வார், அதுதான் சிக்கல். உங்கள் செல்லத்தின் பெயரைச் சொன்னால் ஒப்புக்கொள்ளாதீர்கள். உரையாடல் முடியும் முன்பே கேமை மூடித் திறந்தால் மறுபடி பேசும்போது வேறு பெயர் வரலாம். முடிந்துவிட்டால் ஆட்டோசேவ் பதிந்துவிடும்.

அமீபோ கார்டு (ஸ்விட்ச் படிக்கக்கூடிய, வில்லேஜர் படம் போட்ட நின்டெண்டோ அட்டை) கையில் இருந்தால் வாய்ப்புக் கணக்கே இல்லை. நூக் ஸ்டாப்பில் அழைத்து, ஸ்விட்ச் கன்ட்ரோலரான ஜாய்கானின் வலது ஸ்டிக் மேல் கார்டை வையுங்கள். நாளுக்கு ஒருவர்தான். அவர் கேட்கும் பொருளைச் செய்து கொடுத்து, இப்படி மூன்று வெவ்வேறு நாட்கள் அழைத்தால் மூன்றாம் நாள் குடிவரச் சம்மதிப்பார். யாரை அனுப்புவது என்பதையும் இங்கே நீங்களே சொல்லலாம். நியூ ஹொரைசன்ஸில்தான் அறிமுகமான ரேமண்ட், ஜூடி, ஷெர்ப் போன்ற எட்டுப் பேருக்கு 2021 நவம்பரில் வந்த ஐந்தாம் கார்டு வரிசை வரை கார்டே இல்லை. 2020-இல் ரேமண்டுக்காக ஆட்கள் அவ்வளவு அலைந்ததற்கு அதுவும் ஒரு காரணம். ஹலோ கிட்டி நிறுவனமான சான்ரியோவின் பெயரில் வந்த கார்டுகளின் ஆறு பேர் கதை வேறு. சாய், செல்சீ, எட்வால், மார்ட்டி, ரில்லா, டோபி ஆகியோர் எந்த மிஸ்டரி ஐலண்டிலும் வரமாட்டார்கள். அவர்களுக்காக ஒரு டிக்கெட்கூடச் செலவழிக்காதீர்கள்.

நண்பரின் தீவில் ஒருவர் பெட்டி கட்டிய நாளில் அங்கே போய் அவரை அழைத்துவரவும் முடியும், உங்கள் மனை அப்போது காலியாக இருந்தால். இதில் அடிக்கடி தவறுவது ஒன்று. நண்பர் ஊரிலிருந்து யாரும் அழைக்காமல் போனவர்கள், நீங்கள் இருவரும் ஆன்லைனில் சந்தித்த பிறகு, உங்கள் காலி மனையில் தாமாக வந்து குடியேறக்கூடும். வேட்டைக்கு முந்தைய சில நாட்கள் பிறர் தீவுக்குப் போகாமலும், பிறரை வரவழைக்காமலும் இருந்தால் அந்தத் தொல்லை குறையும். அப்படியும் தெரியாத ஒருவர் மனையைப் பிடித்துவிட்டால் அன்று டிக்கெட்டைத் தொடாதீர்கள், அடுத்த மேகம் வரும் வரை அவை பையில் இருக்கட்டும்.