அரைப் பக்கம்

மாஸ்டர் என்று மட்டும் சொன்னாலே இந்த மலரைக் கையில் எடுப்பவர்களுக்கு யாரென்று விளங்கும். அவர் கண்மூடிய செய்தி வந்த இரவு நமது பழைய மாணவர் சங்கத்தின் வாட்ஸ்அப் குழுவில் அஞ்சலியாக வந்து குவிந்தவை பெரும்பாலும் பொன்மொழிகள். அகுஸ்தீனார், அசிசி பிரான்சிஸ், தோமஸ் கெம்பிஸ் என்று பழைய கிறிஸ்தவ ஞானிகள் எல்லோரும் பூப்படங்களின் மேல் ஒவ்வொரு வரியாக வந்தார்கள். அன்பினால் அனுப்பியவைதான். ஆனால் வெள்ளி ஆறாம் பாடவேளையில் மாஸ்டர் அந்த எழுத்தாளர்களை வாசிக்கக் கற்றுத்தந்த முறை வேறு. மறந்தவர்களுக்காகவும், நமது பிள்ளைகளுக்காகவும் அதை இங்கே எழுதி வைக்கிறேன்.

முதலில் அளவு. ஒரு நாளைக்கு அரைப் பக்கம், அதற்கு மேல் ஒரு வரியும் கூடாது. ஒரு தடவை வாய்விட்டு வாசிக்க வேண்டும். பிறகு வரியின் கீழ் விரலை வைத்து மௌனமாக ஒரு தடவை. மூன்றாம் தடவை மனம் எங்கே தடக்குகிறதோ அங்கேயே நிறுத்திவிட வேண்டும், அது பாதி வசனமானாலும் சரி. கொப்பியின் இடப்பக்கத்தில் அந்த வசனத்தையும், அதற்கு முந்திய வசனம் ஒன்றையும், பிந்தியது ஒன்றையும் எழுத வேண்டும். வலப்பக்கம் மாலைக்கு. அன்று எந்த வேலையின் நடுவில் அந்த வசனம் ஞாபகம் வந்தது என்பதை மட்டும் அதில் எழுதலாம். வரவே இல்லையென்றால் திகதியைப் போட்டுவிட்டு வெறுமையாக விடவேண்டும். வெறும் பக்கத்துக்கு மாஸ்டர் ஒருநாளும் ஏசியதில்லை. மாலைக்குரியதைக் காலையிலேயே எழுதி வைத்தவர்களுக்குத்தான் ஏச்சு விழும்.

இது அவராகக் கண்டுபிடித்த முறை அல்ல, அப்படி அவர் சொன்னதும் இல்லை. 12ஆம் நூற்றாண்டில் கார்த்தூசியன் சபைத் துறவி இரண்டாம் கிகோ இதை நான்கு படிகளுள்ள ஏணியாக எழுதினார். வாசிப்பு உணவை வாயில் வைக்கிறது, தியானம் மெல்லுகிறது, ஜெபம் சுவையை வரவழைக்கிறது, நான்காம் படி அந்த இனிமையே. வலப்பக்கம் வந்தது ஆயர் பிரான்சிஸ் சலேசியாரிடமிருந்து. தோட்டத்தில் உலாவியவர் வெளியே வரும்போது நாலைந்து பூக்களைப் பறித்துக்கொண்டு வந்து நாள் முழுவதும் மணந்து பார்ப்பதுபோல, தியானத்திலிருந்து ஓரிரண்டு எண்ணங்களைக் கையோடு எடுத்து வாருங்கள் என்று 1609இல் வெளிவந்த நூலில் அவர் சொல்கிறார்.

முந்திய வசனமும் பிந்திய வசனமும் ஏன் என்பது, நமது வகுப்பு முழுவதும் தலைகுனிந்த அந்த மேற்கோள் போட்டியன்று விளங்கியது. முதலிடம் பெற்றவர் நிறுத்தாமல் ஒப்புவித்து, “எங்கள் இதயம் உம்மில் இளைப்பாறும்வரை அமைதியற்றிருக்கிறது” என்ற அகுஸ்தீனாரின் வரியோடு முடித்தார். கைதட்டினோம். மாஸ்டர் எழுந்து, “இது அரை வசனம். மற்ற அரை எங்கே?” என்று கேட்டார். ஒருவருக்கும் தெரியவில்லை. அகுஸ்தீனாரின் ‘அறிக்கைகள்’ நூலைத் திறந்து காட்டினார். முதல் புத்தகத்தின் முதல் பத்தி அது. உம்மைப் புகழ்வதில் மகிழும்படி எங்களைத் தூண்டுகிறவர் நீரே, ஏனெனில் உமக்காகவே எங்களைப் படைத்தீர் என்று தொடங்கி, அதன் பிறகுதான் அமைதியற்ற இதயம் வருகிறது. பின்பாதி தனியே நின்றால் ஒரு சோகப் பெருமூச்சு. முழுதாக வாசித்தால் அது மகிழ்ச்சியில் தொடங்கும் வசனம். அந்த ஏக்கத்துக்குக் காரணமும் அதற்குள்ளேயே இருக்கிறது.

இன்னொரு வரி இதைவிட அதிகம் கெட்டுப்போயிருக்கிறது: “அன்பு செய், பிறகு விரும்பியதைச் செய்.” யோவானின் முதலாம் நிருபத்தைப் பற்றிய ஏழாவது பிரசங்கத்தில் அகுஸ்தீனார் சொன்னது இது. அடுத்த வசனம் என்ன? மௌனமாயிருந்தால் அன்பினால் மௌனமாயிரு. சத்தமிட்டால் அன்பினால் சத்தமிடு. திருத்தினால் அன்பினால் திருத்து. பொறுத்துவிட்டால் அன்பினால் பொறுத்துவிடு. மனம்போனபடி நடக்க அனுமதி தேடி வருகிறவருக்கு அங்கே கிடைப்பது நாலு கட்டளைகள்.

யார் சொன்னது என்பதிலும் கவனம் வேண்டும். காலை ஒன்றுகூடலில் நாம் அசிசி பிரான்சிஸின் ஜெபம் என்று பாடிய ‘சமாதானத்தின் கருவியாக என்னை ஆக்கும்’ அவருடைய எழுத்துகளில் இல்லை. பிரான்சிஸ் இறந்தது 1226இல். அந்த ஜெபம் முதலில் அச்சேறியது 1912இல், பாரிஸில் ஒரு சிறு பிரெஞ்சுச் சஞ்சிகையில், எழுதியவர் பெயரில்லாமல். அதற்காக அதை விட்டுவிட வேண்டியதில்லை. யார் சொன்னார் என்று கேளாதே, சொன்னது என்ன என்று பார் என்று தோமஸ் கெம்பிஸே தமது ‘கிறிஸ்துநாதர் அநுசார’த்தின் முதல் புத்தகம் ஐந்தாம் அதிகாரத்தில் சொல்கிறார். ஜெபத்தைச் சொல்லலாம், சொல்லாத ஒருவரின் வாயில் அதை வைக்கக்கூடாது.

கெம்பிஸுக்கு மாஸ்டர் ஒரு கணக்கு வைத்திருந்தார். ‘கிறிஸ்துநாதர் அநுசாரம்’ நான்கு புத்தகங்கள். அதிகாரங்கள் 25, 12, 59, 18, மொத்தம் 114. அரைப் பக்கத்துக்குப் பழகியவர்கள் நாளொன்றுக்கு ஓர் அதிகாரத்துக்கு ஏறலாம். ஆண்டுக்கு மூன்று சுற்று என்றால் 342 நாள், மீதி 23 நாளும் வேதாகமத்தின் சங்கீதங்கள். பலர் முதல் புத்தகத்தின் கண்டிப்பைத் தாங்காமல் பாதியில் மூடிவிடுவார்கள். அவர்களை நேரே மூன்றாம் புத்தகத்துக்கு அனுப்புவார், அங்கே ஆண்டவரும் சீடனும் பேசிக்கொள்கிறார்கள். யாருக்காக எழுதியது என்பதையும் மறக்க விடமாட்டார். மனிதரிடையே போய்வரும்போதெல்லாம் குறைந்த மனிதனாகத் திரும்பினேன் என்ற முதல் புத்தகத்து 20ஆம் அதிகார வரி ரோமத் தத்துவஞானி செனெக்காவிடமிருந்து எடுத்தது; மடத்தில் வாழ்ந்த துறவிகளுக்குச் சொன்னது. குடும்பக்காரர் அதை அப்படியே எடுத்துக்கொண்டால் வீட்டாரை வெறுப்பதில் போய் முடியும்.

சகோதரர் லாரன்ஸை வாசிப்பவர்கள் ஏமாறுவது வேறிடத்தில். பாரிஸ் கார்மேல் மடத்துச் சமையலறையில் சட்டி பானைகளுக்கு நடுவே இறைவனோடு இருந்தவர் என்பது எல்லோருக்கும் தெரியும். அந்த வேலை அவருக்கு இயல்பாகவே பிடிக்காதது என்பதும், முதல் பத்து ஆண்டுகள் மிகவும் துன்பப்பட்டேன் என்று அவரே ஒரு கடிதத்தில் எழுதியதும் பொன்மொழிப் படங்களில் வருவதில்லை. ஒரு வாரம் முயன்று ஒன்றும் நடக்கவில்லை என்று கைவிடுபவர்களுக்கு அந்தக் கடிதத்தைத்தான் முதலில் கொடுக்க வேண்டும்.

ஆங்கிலேய எழுத்தாளர் ஜான் பனியனின் ‘மோட்சப் பிரயாண’த்தை மாஸ்டர் தமிழ்ப் பாடத்தோடேயே கொண்டுவருவார். கிருஷ்ணபிள்ளை அதைத் தழுவிச் செய்யுளாகப் பாடி 1894இல் வெளியிட்ட ‘இரட்சணிய யாத்திரிகம்’ கையில் இருக்கும்போது வேறென்ன வேண்டும்? கம்பனில் ஊறியவரின் விருத்தத்தை மாஸ்டர் பாடினால் பக்கத்து வகுப்பும் அடங்கிவிடும். ஆனால் நம்பிக்கையிழந்தவர்கள் விழும் சேற்றுக்குழிக்கு வந்ததும் பனியனின் உரைநடைக்கே திரும்புவார். அரசனின் ஆட்கள் அந்தக் குழியை நிரப்ப 20,000 வண்டி நல்லுபதேசங்களுக்கு மேல் கொட்டியும் அது இன்னும் சேறாகவே கிடக்கிறது. நடுவே உறுதியான படிக்கற்கள் உண்டு, பயத்தில் பிரயாணியின் கண்ணுக்கு அவை படவில்லை. கடைசியில் உதவி என்ற பெயருடைய ஒருவர் கைகொடுத்துத் தூக்கிவிடுகிறார். “20,000 வண்டி” என்று மாஸ்டர் இரண்டு தடவை சொல்லி, புத்தகத்தை மூடிவிடுவார். அதற்கு விளக்கம் கொடுத்ததில்லை.

நமது கடைசித் தவணையில் அகுஸ்தீனாரின் ‘அறிக்கைகள்’ நூலின் 13 புத்தகங்களில் பத்தாவதை முடித்திருந்தோம். தொன்மையும் புதுமையுமான அழகே, எவ்வளவு பிந்தி உம்மை நேசித்தேன், நீர் உள்ளே இருந்தீர், நான் வெளியே தேடினேன் என்று வரும் இடத்தை மாஸ்டர் மூன்று வெள்ளிக்கிழமைகள் வைத்திருந்தார். மீதி மூன்று புத்தகங்களையும் பரீட்சை முடிந்தபின் வாசிக்கலாம் என்றார். பரீட்சை முடிந்தது. பாஸ்போட்டுக்கும் விசாவுக்கும் அலைந்து, ஒருவர் பின் ஒருவராகப் புறப்பட்டுவிட்டோம்.

பதினோராவது புத்தகம் காலத்தைப் பற்றியது. மனப்பாடமான ஒரு சங்கீதத்தைப் பாடத் தொடங்குமுன் அது முழுவதும் எதிர்பார்ப்பில் இருக்கிறது என்கிறார் அகுஸ்தீனார். பாடப்பாட அது அடியடியாக நினைவுக்குள் போகிறது. எதிர்பார்ப்பு குறுகுகிறது, நினைவு நீள்கிறது, முடியும்போது முழுவதும் நினைவிலேயே இருக்கிறது. இந்த இடத்தில் மாஸ்டர் எங்கே நிறுத்தியிருப்பார், எந்த வசனத்தைத் திரும்ப வாசிக்கச் சொல்லியிருப்பார் என்று அறிய இனி வழியில்லை. விடுமுறைக்குப் போனவர்கள் அவரைப் போய்ப் பார்த்தோம், பக்கத்தில் நின்று படம் எடுத்துக்கொண்டோம். எத்தனையாம் பக்கத்தில் நிற்கிறீர்கள் என்று ஒவ்வொருவரிடமும் கேட்டிருக்கிறார். கொப்பியைக் கொண்டுபோய்க் காட்டியவர் என்று ஒருவரையும் நான் அறியேன்.