கிளாட்ஸ்டன் என்னும் பெயர்

தென் அமெரிக்க நாடான கயானாவின் தலைநகர் ஜார்ஜ்டவுனில் மினிபஸ் ஏறி, டெமராரா என்னும் பகுதியின் கிழக்குக் கடற்கரையோரமாகச் சக்ஸஸ் என்ற ஊருக்குப் போனேன். கடல் மட்டத்துக்குக் கீழே கிடக்கும் மண் இது. கடற்சுவரும், ‘கோக்கர்’ என்று இவ்வூரார் சொல்லும் மதகுகளும் இல்லையெனில் ஊரே நீரில் மூழ்கிவிடும். இந்தச் சதுப்பில் வாய்க்கால் வெட்டிக் கரும்பு நட்டவர்கள் அடிமைகள்.

அந்நாளில் இந்தத் தோட்டம் ஜான் கிளாட்ஸ்டனுடையது. பின்னாளில் நான்கு முறை பிரிட்டிஷ் பிரதமரான வில்லியம் கிளாட்ஸ்டனின் தந்தையாகிய அவர், லிவர்பூலில் இருந்தபடியே ஆதாயம் பார்த்தார். டெமராராவுக்கு ஒருமுறைகூட வந்ததில்லை. 1823 ஆகஸ்ட் 18 அன்று இங்கே மூண்டு, பத்தாயிரத்துக்கும் மேற்பட்டோரை ஈர்த்த கிளர்ச்சியை முன்னின்று நடத்திய அடிமையின் பெயர் ஜாக் கிளாட்ஸ்டன். உடையவனின் பெயரையே சுமந்தபடி அந்த உடைமையை எதிர்த்து எழுந்தவர் அவர். வன்முறை வேண்டாம், வேலையை நிறுத்துவோம் என்று வாதாடிய அவருடைய தந்தை குவாமினாவைச் சுட்டுக் கொன்று, உடலை இத்தோட்டத்தின் முன்பே சங்கிலியில் தொங்கவிட்டார்கள். அது எந்த இடம் என்று தேடியபடி சாலையோரம் வெகுநேரம் நின்றிருந்தேன்.

அடிமைமுறையை ஒழித்த 1833 ஆம் ஆண்டுச் சட்டம் இழப்பீடாக 2 கோடி பவுண்டு ஒதுக்கியது. அதில் 2,508 அடிமைகளுக்காக 1,06,769 பவுண்டு ஜான் கிளாட்ஸ்டனுக்குக் கிடைத்தது. விடுதலையானவர்களுக்கு ஒரு பென்னிகூடக் கிடைக்கவில்லை. அவர்களுக்குப் பதிலாக ஆள் கேட்டு அவர் கல்கத்தாவுக்குக் கடிதம் எழுதியதன் விளைவாகவே, 1838 மே மாதத்தில் விட்பி, ஹெஸ்பெரஸ் ஆகிய கப்பல்கள் ஒப்பந்தக் கூலிகளோடு இங்கே வந்தன. அதன் தொடர்ச்சியாக 1845 முதல் சென்னையிலிருந்தும் ஆட்கள் ஏற்றப்பட்டார்கள். ‘மதராசி’ என்று அழைக்கப்படும் அவர்களுடைய சந்ததியார் இன்றும் மாரியம்மனைக் கும்பிடுகிறார்கள். அடிமை வணிகக் கதையை அயலார் கதையாக எண்ணி வந்த எனக்கு, அதன் அடுத்த பக்கத்தில் நம்மவர்கள் நின்றிருந்தது நெஞ்சை அறுத்தது.

2023 ஆகஸ்டில், கிளர்ச்சியின் 200 ஆம் ஆண்டில், கிளாட்ஸ்டனின் வழித்தோன்றல்கள் சிலர் கயானாவுக்கு வந்து, பல்கலைக்கழக மேடையில் அடிமைமுறைக்காகவும் ஒப்பந்தக் கூலி முறையில் முன்னோருக்கிருந்த பங்குக்காகவும் மன்னிப்புக் கேட்டார்கள். அதே அரங்கில், சொல் போதாது, ஈடு செய்யுங்கள் என்று பதாகை பிடித்தவர்களும் இருந்தார்கள். அவர்கள் கேட்டது நியாயம் என்றே நான் கருதுகிறேன். ஆனாலும், மூதாதை மிதிக்க மறுத்த மண்ணுக்குப் பேரப்பிள்ளைகள் வந்து, கோபத்துக்கு எதிரே அமர்ந்ததைச் சிறிதென்று தள்ள என்னால் முடியவில்லை.

மாலையில் ஜார்ஜ்டவுனில் ஒரு தெருப்பலகையைப் பார்த்தேன். கிளர்ச்சியை ஒடுக்கிய ஆளுநர் மர்ரேயின் பெயரில் இருந்த அந்தத் தெருவுக்கு இப்போது குவாமினா தெரு என்று பெயர்.