அவகாசம் கேட்கிறார்கள்

ஜூன் 3

மேலூர்ப் பக்கத்துக் கிராமம் ஒன்றிலிருந்து ஓர் அக்கா இன்று காலை ஒத்தக்கடையில் நான் பத்திரம் எழுதும் அலுவலகத்துக்கு வந்தார். மஞ்சள் பைக்குள் ஒரு பாலித்தீன் உறை, அதற்குள் நான்கு தாள்கள். தொடுபுழையிலிருந்து கொழுந்தன் அனுப்பிய நகல்; முழுவதும் மலையாளம். மாமனார் அந்த ஊரில் டீக்கடை வைத்துப் பிழைத்தவர். அவர் வாங்கிப் போட்ட இடம் அங்கே இருக்கிறது. அக்காவின் கணவர் மூத்த மகன். கல்யாணத்துக்குப் பிறகு ஊர் திரும்பிவிட்டார். அவர் இறந்து ஆறு வருடமாகிறது. இளையவர் அங்கேயே பிறந்து, அங்கேயே படித்து, அதே கடையை நடத்துகிறார்.

“அவகாசம் கேட்கிறார்கள், தம்பி. அவகாசத்தை விட்டுக்கொடுத்து ஒரு கையெழுத்துப் போட்டால் போதும் என்று கொழுந்தன் போனில் சொன்னார். இத்தனை வருடம் பொறுத்தோம், இன்னும் கொஞ்ச நாள் பொறுக்க மாட்டோமா? எந்த இடத்தில் கையெழுத்து என்று மட்டும் காட்டுங்கள்.”

முதல் தாளின் தலைப்பைப் படித்தேன். ‘ஒழிமுறி’ என்றிருந்தது. விடுதலைப் பத்திரத்துக்கு மலையாளத்தில் அதுதான் பெயர். இரண்டாம் பத்தியிலேயே அந்தச் சொல் இருந்தது: அவகாசம். மலையாளத்தில் அவகாசம் என்றால் நேரம் அல்ல, உரிமை. மனித உரிமையை ‘மனுஷ்யாவகாசம்’ என்பார்கள். சொத்துக்கு உரியவர் ‘அவகாசி’. அக்கா விட்டுக்கொடுக்கச் சம்மதித்திருந்தது நாட்களை அல்ல, தன் பங்கை.

“கையெழுத்துப் போடாதீர்கள், அக்கா” என்றேன். விவரம் சொன்ன பிறகும் அவர் கோபப்படவில்லை. “அவகாசம் என்றுதானே சொன்னார்? என் காதால் கேட்டேனே” என்று திரும்பத் திரும்பச் சொன்னார். அவர் கேட்டது சரி. கொழுந்தன் சொன்னதும் சரி.

ஜூன் 4

இரவு தூக்கம் பிடிக்கவில்லை. அந்த ஒரு சொல்லே மனத்தில் ஓடிக்கொண்டிருந்தது.

வடமொழியில் அவகாசம் என்பது இடைவெளி, இடம். ‘இடம் கொடு’ என்ற அந்தக் கருத்தை ஒவ்வொரு வீடும் ஒவ்வொரு விதமாக எடுத்துக்கொண்டிருக்கிறது. தமிழில் அது காலத்தில் கிடைக்கும் இடம்: “பதில் மனு தாக்கல் செய்ய இரண்டு வார அவகாசம்.” தெலுங்கில் வாய்ப்பு. இந்தியில் விடுமுறை. மலையாளத்தில் ஒருவருக்கு உரிய இடம், அதாவது உரிமை. நான்கும் ஒரு வேரிலிருந்து நேர்மையாகக் கிளைத்தவைதான். ஒன்று சரி, மற்றது திரிபு என்று சொல்ல முடியாது.

கொழுந்தன் போனில் ‘ஒழிமுறி’ என்று சொல்லியிருந்தால் அக்கா உடனே “அது என்ன?” என்று கேட்டிருப்பார். தெரியாத சொல் வாசலில் நின்று கதவைத் தட்டும். தெரிந்த சொல் செருப்பைக்கூடக் கழற்றாமல் வீட்டுக்குள் வந்துவிடுகிறது. இருபது வருடமாகப் பத்திரம் எழுதுகிறேன். அகராதியைப் புரட்ட வைத்த சொற்களால் என்னிடம் வந்தவர்கள் யாரும் நஷ்டப்பட்டதில்லை. புரட்ட வேண்டாம் என்று நினைக்க வைத்த சொற்களைத்தான் அஞ்ச வேண்டியிருக்கிறது.

ஜூன் 6

மலையாளம் எப்படித் தெரியும் என்று அக்கா கேட்டிருந்தார். அப்பா வண்டன்மேட்டில் ஏலத்தோட்ட வேலைக்குப் போனவர். ஏழாம் வகுப்புவரை அங்கே மலையாளப் பள்ளியில் படித்தேன்.

முதல் வாரத்தில் ஆசிரியை என்னைப் பார்த்து, “சம்சாரிக்கருது!” என்றார். வகுப்பில் பேசாதே என்று பொருள். எனக்குத் தெரிந்த சம்சாரி வேறு. திருமங்கலம் கரிசல் பக்கம் எங்கள் தாத்தா ஊரில் சம்சாரி என்றால் விவசாயி. “சம்சாரி வீட்டுப் பிள்ளை” என்றால் கம்பும் பருத்தியும் விளைகிற வீட்டுப் பிள்ளை. மதுரைக்குள் வந்தால் சம்சாரம் என்பது மனைவி. சந்நியாசிக்கு எதிரே நிற்கிற இல்லறத்தான் சம்சாரி. அந்த வழியில் மனைவியும் வந்தாள், குடும்பத்துக்காக உழுகிறவனும் வந்தான். பேச்சு எப்படி உள்ளே வந்தது என்பது அந்த வயதில் எனக்குப் பெரும் புதிர். ‘சம்சாரிக்கருது’ என்று ஆசிரியை சொன்னபோது, எங்கள் குலத்தொழிலைச் செய்யக் கூடாது என்கிறாரோ என்று மலைத்து நின்றது இன்னும் நினைவிருக்கிறது.

ஏலமும் அப்படித்தான். போடிநாயக்கனூரில் ஏலக்காயை ஏலம் விடுகிறார்கள். தமிழில் இரண்டுக்கும் ஒரே உருவம். எல்லையைத் தாண்டினால் ஏலம் செடி மட்டுமே. விலை கூறி விற்பது ‘லேலம்’. போர்ச்சுகீசியரின் ‘லெய்லாவ்ங்’ கடலிலிருந்து கரையேறியபோது மலையாளம் முதல் எழுத்தை வைத்துக்கொண்டது; தமிழ் அதை உதிர்த்துவிட்டது. உதிர்ந்ததும், காலங்காலமாக இங்கிருந்த மணப்பொருளின் பெயரோடு போய் ஒட்டிக்கொண்டது. தோட்டத்தில் அப்பாவும் கங்காணியும் இந்த இரண்டையும் ஒரே மூச்சில் பேசுவார்கள், ஒருமுறைகூடக் குழம்பியதில்லை. தினம் கையில் புழங்குகிற சொல்லுக்குச் சூழலே காவல்.

ஜூன் 7

ஆரப்பாளையத்திலிருந்து தேனிக்குப் போகிற பஸ்ஸில் பக்கத்து இருக்கையில் கோட்டயத்துக்காரர் ஒருவர். உசிலம்பட்டி, ஆண்டிபட்டி என்று நடத்துநர் கூவக் கூவ அவர் திகைத்துப்போனார். அவர் மொழியில் பட்டி என்றால் நாய். நமக்குப் பட்டி என்பது ஆடு மாடு அடைக்கிற இடம், அதைச் சுற்றி எழுந்த ஊர். சொன்னதும் கண்ணாடிக்கு வெளியே வெகுநேரம் பார்த்துக்கொண்டே வந்தார். கடைசியில், “எங்களிடம் தொழுத்து என்பதுதான் அது” என்றார்.

ஜூன் 9

அக்காவை உட்கார வைத்துக்கொண்டு கொழுந்தனுக்குப் போன் செய்தேன். விஷயத்தைச் சொன்னதும் எதிர்முனையில் நெடுநேரம் சத்தமில்லை. பிறகு அவர் குரல் உடைந்தது. “மதினி மனமார உரிமையை விட்டுத்தருகிறார் என்று என் பிள்ளைகளிடம் சொன்னேன். ‘சரி, தருகிறேன், அதற்கென்ன’ என்றுதானே சொன்னார்” என்றார்.

அவர் பக்கத்துக்கும் ஒரு கதை இருந்தது. “அப்பா ஆதாரம் பணயம் வைத்திருந்தார். நான்தான் மீட்டேன்” என்றார். அக்கா என்னை வெறித்துப் பார்த்தார். தமிழ்க் காதுக்கு, ஏதோ சாட்சியை யாரோ பிணையாகப் பிடித்து வைத்ததைப்போல் கேட்கும். ஆதாரம் என்றால் அங்கே மூலப்பத்திரம். பணயம் என்றால் அடகு. மாமனார் பத்திரத்தை அடகு வைத்துக் கடன் வாங்கியிருக்கிறார். இளைய மகன் பதினொரு வருடம் தவணை கட்டி மீட்டிருக்கிறார். அதைத் தெரிந்துகொண்டுதான் மதினி பங்கை விட்டுக்கொடுக்கிறார் என்று அவர் நம்பியிருக்கிறார். அக்காவுக்கோ கடன் இருந்ததே இன்றுதான் தெரிந்தது.

“அந்தக் கடனில் பாதி எங்களுடையது” என்றார் அக்கா, யாரும் கேட்காமலே.

இந்த இருவரில் ஏமாற்றுகிறவர் யாரும் இல்லை. இதே தாள் ஒரு வருடம் கழித்து என் கைக்கு வந்திருந்தால், இரண்டு குடும்பங்களும் நீதிமன்ற வாசலில் நின்றிருக்கும். இரு தரப்பும் சத்தியமாக உண்மையையே பேசியிருக்கும்.

ஜூன் 10

நேற்றைய பேச்சின் முடிவில் கொழுந்தன், “அப்படியானால் ஒரு கரார் எழுதிக்கொள்ளலாம்” என்றார். அக்கா முகம் சுருங்கியது. “இப்போதே கறாராகப் பேசுகிறாரே” என்று என் காதருகில் சொன்னார். கொழுந்தன் சொன்ன கரார் என்பது ஒப்பந்தம். உருதுவிலும் அதுதான். நம்மிடம் வந்தபோது, ஒப்பந்தத்தில் இருக்கும் பிடிவாதம் மட்டும் தங்கிவிட்டது: கறார் விலை, கறாரான ஆள்.

அக்காவின் வயலுக்குப் பாய்வதும் ஒரு கராரின் தண்ணீர்தான். பெரியாற்று அணைக்காகத் திருவிதாங்கூர் அரசும் ஆங்கில அரசும் 1886-இல் எழுதிக்கொண்டது 999 வருடக் குத்தகை. அணை 1895-இல் முடிந்தது. அந்தக் குத்தகையை மலையாளத்தில் ‘பாட்டக்கரார்’ என்பார்கள். பாட்டம் அவர்களுக்குக் குத்தகை. நமக்கோ ஒரு பாட்டம் மழை, ஒரு பாட்டம் அழுகை; பெய்து ஓய்கிற ஒரு வீச்சு. 999 வருடமும் ஒரு வீச்சும் ஒரே சொல்லுக்குள் இருக்கின்றன. மேலூர் வாய்க்கால் கரையில் நின்று இதை நினைத்தால் எனக்கு உடல் சிலிர்க்கிறது.

ஜூன் 13

இலங்கைத் தமிழர் முகாமிலிருந்து ஒரு பெண் சான்றிதழ் விண்ணப்பம் எழுத வந்திருந்தார். படிவத்தின் ஒரு கட்டத்தைக் காட்டி, “இது எனக்கு விளங்கவில்லை” என்றார். அக்காவும் அப்போது அலுவலகத்தில் இருந்தார். மேலூரில் “விளங்கமாட்டான்” என்பது சாபம். உருப்படாமல் போவான் என்று பொருள். வேறொரு நாளாக இருந்தால் பெஞ்சிலிருந்து ஒரு முணுமுணுப்பு வந்திருக்கும்.

அக்கா அந்தப் பெண்ணிடம் குனிந்து, “விளங்கவில்லை என்றால் உங்கள் ஊரில் என்னம்மா?” என்று கேட்டார்.

“புரியவில்லை என்று அர்த்தம், அம்மா.”

அதன் பிறகு இருவரும் அரை மணி நேரம் பேசிக்கொண்டிருந்தார்கள். அந்தப் பெண் ‘கதைக்கிறோம்’ என்றார். ரொட்டியைப் ‘பாண்’ என்றார். அந்தப் பாணும் போர்ச்சுகீசியர் விட்டுப்போனதுதான். சங்கத் தமிழில் பாண் என்றால் பாட்டு. பாணர்கள் யாழோடு நடந்த மண் இது. ஒரே உருவத்தில் ஒன்று பசிக்கு, ஒன்று செவிக்கு. இதை அவர்களிடம் சொல்ல எழுந்தேன். பேச்சு சுவையாகப் போய்க்கொண்டிருந்ததால் குறுக்கிடவில்லை.

ஜூன் 17

பாகப்பிரிவினையின் முதல் வரைவு வந்தது. இரண்டு அட்டவணைகள்: ‘புரயிடம்’ 12 சென்ட், ‘நிலம்’ 40 சென்ட். அங்கே அளவை ‘ஆர்’ என்று எழுதுகிறார்கள். நம் பட்டாவில் அதுவே ‘ஏர்’. 100 சதுர மீட்டர், ஏறக்குறைய இரண்டரை சென்ட். ஒரு தரப்பு புரயிடத்தையும் மற்றது நிலத்தையும் எடுத்துக்கொள்ளலாம், எது வேண்டும் என்று மதினியே சொல்லட்டும் என்று கொழுந்தன் எழுதியிருந்தார். அக்காவின் மகன் உடனே நாற்பது என்றான். அங்கே வீடு கட்டி வாடகைக்கு விடும் எண்ணம் அவனுக்கு.

நான் ‘நிலம் 40 சென்ட்’ என்று தமிழில் எழுதிவிட்டு அடுத்த வரிக்குப் போய்விட்டேன். அக்கா அந்த வரியில் விரலை வைத்தார். “நிலம் என்றால் நம் ஊர் நிலம்தானா, தம்பி?”

என் பேனா நின்றது. கேரள வருவாய்ப் பதிவேட்டில் நிலம் என்றால் ஏதோ ஒரு மனை அல்ல, நெல்வயல். நம் வழக்கில் நஞ்சை. வீட்டுக்கும் தோட்டத்துக்கும் உரிய மேட்டு இடம்தான் புரயிடம். 2008-இல் அங்கே வந்த நெல்வயல் பாதுகாப்புச் சட்டத்துக்குப் பிறகு, நெல்வயலில் விருப்பம்போல் மண் கொட்டி வீடு எழுப்ப முடியாது. அவகாசத்தைப் பிடித்தவன் நிலத்தைத் தவறவிட இருந்தேன். அது என் நாக்கில் பிறந்ததிலிருந்து கிடக்கிற சொல் என்பதால்தான்.

கொழுந்தனிடம் சொன்னேன். “ஐயோ, நிலம் என்றால் வயல் என்று மதினிக்குத் தெரியாதா?” என்றார். வஞ்சகமில்லாத வியப்பு. இரண்டையும் பாதிப் பாதியாகப் பிரிப்பது என்று முடிவாயிற்று. கடனில் பாதியை அக்கா தவணையில் தருவார். வரைவின் ஓரத்தில் சந்தேகமான சொல் ஒவ்வொன்றுக்கும் தமிழ்ப் பொருளைப் பென்சிலால் எழுதினேன். சந்தேகமில்லாத சொற்களுக்கும் எழுதினேன்.

ஜூலை 15

குமுளி வழியாகத் தொடுபுழைக்குப் போய் வந்தோம். மலையேறும்போது ஒரு பாட்டம் மழை, இறங்கும்போது இன்னொரு பாட்டம். பதிவு அலுவலகத்தில் எழுத்தர் பத்திரத்தை வாசிக்க வாசிக்க நான் வரிக்கு வரி தமிழில் சொன்னேன். அக்கா மூன்று இடங்களில் நிறுத்தச் சொன்னார். நான்காவது முறை கொழுந்தனே நிறுத்தச் சொன்னார். நான் சொன்ன ‘வில்லங்கம்’ அவருக்குப் புரியவில்லை. சொத்தின் மேல் இருக்கும் பாரம் என்று விளக்கினேன்.

மாமனார் வைத்திருந்த டீக்கடையில் அந்தக் குடும்பம் எங்களுக்குச் சாப்பாடு போட்டது. கிளம்பும்போது கொழுந்தன் பதிவு செய்த நகலை உறையில் இட்டு அக்காவின் கையில் கொடுத்து, “பத்ரமாக வைக்க வேண்டும், மதினி” என்றார்.

பஸ் ஏறியதும் அக்கா கேட்டார்: “பத்திரம் என்றால் இவர்களுக்கு என்ன?”

“பத்திரம் என்றால் செய்தித்தாள், அக்கா.”

“அப்படியானால் அவர் சொன்ன பத்ரமாக?”

“அது மட்டும் அவர்களுக்கும் நமக்கும் ஒன்றுதான்.”

அக்கா உறையை மஞ்சள் பைக்குள் வைத்து, பையின் காதுகளை இரண்டு முடிச்சாகப் போட்டு, மடியில் வைத்துக்கொண்டார்.