அப்பத்தாவும் ஓவேயும்

செட்டிநாட்டுக் கானாடுகாத்தான் வீட்டில் ராத்திரி எட்டு மணிக்கு மேல் சத்தமே இருக்காது. இவ்வளவு பெரிய வளவில் இப்போது அப்பத்தாவும் நானும்தான். இரண்டு மாதமாக அந்த நேரத்தில் பட்டாலை என்கிற கூடத்தில் லேப்டாப்பை வைத்துக்கொண்டு ‘சூல்சீடான்’ பார்க்கிறோம். சுவீடன் நாட்டுச் சிரிப்புத் தொடர். பெயருக்கு ‘வெயில் படும் பக்கம்’ என்று பொருள். ஸ்டாக்ஹோமில் வேலை பார்த்த இரண்டு வருஷத்தில் அந்த மொழி எனக்கு ஓரளவு பழகிவிட்டது. நான் நிறுத்தி நிறுத்தித் தமிழில் சொல்வேன், அப்பத்தா கேட்பார்.

2010இல் டிவி4இல் தொடங்கிய தொடர் இது. பல் டாக்டர் அலெக்ஸும் நடிகை அன்னாவும், குழந்தை பிறக்கப்போகிற சமயத்தில், அலெக்ஸ் வளர்ந்த சால்ட்ஷோபாடனுக்குக் குடிவருகிறார்கள். ஸ்டாக்ஹோமுக்குப் பக்கத்தில், கடலோரத்தில் வசதியானவர்கள் இருக்கும் ஊர். பணக்கார நண்பன் ஃப்ரெட்டே, அவன் மனைவி மிக்கான், அப்புறம் ஓவே. பெரிய சம்பவம் எதுவும் நடக்காது. விருந்து, அக்கம்பக்கம், புருஷன் பெண்டாட்டி மனஸ்தாபம், அவ்வளவுதான்.

முதல் நாளே அப்பத்தா கேட்டார்: “இந்த ஓவே எந்தக் கோயில் புள்ளிப்பா?” எங்கள் நகரத்தாரில் ஒவ்வொரு குடும்பமும் ஏதாவது ஒரு கோயிலைச் சேர்ந்த ‘புள்ளி’.

ஓவே மகாக் கஞ்சன். ஹென்ரிக் டோர்சின் நடித்திருக்கிறார். தான் ஒரு காசு மிச்சம் பிடிக்க அடுத்தவன் பத்துக் காசு இழந்தாலும் கவலைப்படாத ஆள். ஆனால் அப்பத்தாவுக்குக் கோபம் ஓவே மேல் இல்லை, அலெக்ஸ் மேல்! “ஓவே முகத்துக்கு நேரே சரி சரிங்கிறான், அப்புறம் ஒளியுறான். வேணாம்னா வேணாம்னு சொல்லிட்டுப் போறதுதானே?”

நான் இத்தனை நாளாக ஓவேயைத்தான் தொடரின் உயிர் என்று நினைத்திருந்தேன். அப்பத்தா சொன்ன பிறகு பார்த்தால், அங்கே பாதிச் சங்கடம் யாரும் எதையும் வெளிப்படையாகப் பேசாததால் வருவது. எங்கள் பக்கம் அந்தக் காலத்தில் கல்யாணம் ஆனதும் பிள்ளையை வேறு வைத்துவிடுவார்கள். ஒரே வீடுதான். ஆனால் அடுப்பு தனி, கணக்கு தனி. வருஷத்துக்கு இவ்வளவு என்று முதலிலேயே பேசி முடித்துவிடுவார்கள். கல்யாணத்துக்கும் சீர், முறைகளைப் பட்டியல் போட்டு முறைச்சிட்டை எழுதுகிற ஊர் இது. கணக்குப் பார்த்தால் பாசம் போய்விடும் என்பதை நான் ஒத்துக்கொள்ளவே மாட்டேன்.

லேவாதேவிக்காரர்கள் வீடு கட்டிய எங்கள் ஊர் மாதிரி, சால்ட்ஷோபாடனும் ஒரு வங்கிக்காரர் உண்டாக்கிய ஊர்தான். 1891இல் க்னூட் வாலன்பெரி என்பவர் நிலத்தை வாங்கி, ரயில் பாதையும் போட்டார். 1938இல் தொழிற்சங்கங்களும் முதலாளிகளும் உட்கார்ந்து பேசி ஒப்பந்தம் எழுதியதும் அங்கேதான். இதைச் சொன்னதும் அப்பத்தா, “அப்ப எழுதத் தெரிஞ்ச ஊருதான்” என்றார்.

நேற்று பார்த்து முடித்ததும் சாமான் வைக்கும் அரங்கு அறையைத் திறந்து ஒரு பித்தளை டம்ளர் எடுத்துவந்தார். உள்ளே பாதி உயரத்தில் நகத்தால் தடவினால் தட்டுப்படுகிற ஒரு கீறல். அந்தக் காலத்தில் இரண்டாங்கட்டில் நாலு அடுப்பு எரியுமாம். காப்பித்தூள் தீர்ந்தால் ஓரகத்தியிடம் இந்தக் கீறல் வரைக்கும் வாங்குவார், திரும்பக் கொடுப்பதும் அதே கீறல் வரைக்கும். “நாப்பது வருஷம், ஒரு பேச்சு வந்ததில்லை” என்றார்.

டம்ளரின் வெளிப்புறத்தில் வெட்டியிருந்த எழுத்து அப்பத்தாவினுடையது இல்லை.

“அவுக டம்ளர்ப்பா. கடைசியா வாங்குன தூளைக் குடுத்துட்டேன், டம்ளர் இங்கேயே தங்கிருச்சு. அவுக பேத்தி முன்னோர் படைப்புக்கு வருவா. எனக்கு மறந்துபோனா நீ ஞாபகமா எடுத்துக் குடுத்துரு.”