அண்ணனுக்குக் கடிதம் கொடுத்த கதை

பெரியப்பா மகனையோ மச்சானையோ வேலைக்கு வைத்திருப்பவர்களுக்காக எழுதுகிறேன். வைக்காதீர்கள் என்று சொல்லவில்லை. எதையும் எழுத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.

எங்களுடையது சிங்கப்பூரில் தேக்கா பக்கம் மளிகை மொத்த வியாபாரம். அண்ணன், அதாவது பெரியப்பா மகன், 2017-இல், அப்பா காலத்தில் சேர்ந்தவர். ரேஸ் கோர்ஸ் சாலை உணவகங்களுக்குக் காலை 7 மணிக்குச் சரக்கு இறங்க வேண்டும். அவர் வேன் எடுப்பதே எட்டரைக்கு. கேட்டால், "என்னையே கேள்வி கேக்குறியாடா?" தீபாவளி நெருக்கத்தில் ஒரு பிரியாணிக் கடையில் பாஸ்மதிக்குப் பதில் இட்லி அரிசியை இறக்கிவிட்டு வந்தார். கடைக்காரர் போனில் பேசியதை இங்கே எழுத முடியாது.

சரி, முறைப்படி போவோம் என்று ஃபைலைத் திறந்தால் நியமனக் கடிதமே இல்லை. மசேநிதி (மத்திய சேமநிதி), சம்பளச் சீட்டு எல்லாம் ஒழுங்கு. கணக்கு பார்க்கும் நிறுவனத்தில் கேட்டால், "சொந்தக்காரங்கதானே, அதெல்லாம் எதுக்கு?" என்கிறார்கள்! முக்கிய வேலை நிபந்தனைகளை வேலைக்குச் சேர்ந்த 14 நாளுக்குள் எழுத்தில் கொடுக்க வேண்டும் என்பது 2016 ஏப்ரலிலிருந்து சட்டம். சொந்தக்காரருக்கு விலக்கு கிடையாது. மாதிரிப் படிவம் மனிதவள அமைச்சின் இணையத்தளத்திலேயே இருக்கிறது. விலகல் அறிவிப்புக் காலம் 4 வாரம் என்று போட்டேன். எழுதாமல் விட்டாலும் 5 ஆண்டு தாண்டியவருக்கு அதுதான்.

"பெரியவங்ககிட்ட முதல்ல ஒரு வார்த்தை சொல்லு" என்றார் அம்மா. யீஷூனில் பெரியப்பா வீடு வரை போனது தண்டம். பெரியப்பா, "உங்கப்பனுக்குக் கடை வைக்கப் பணம் கொடுத்தது யாரு?" என்று ஆரம்பித்தவர், எண்பதுகளை விட்டு வெளியே வரவேயில்லை. வேன் பேச்சை எடுக்கக்கூட முடியவில்லை. ஊரைக் கூட்டாதீர்கள். ஆளிடம் நேரே, தனியாக, கடைப் பையன்கள் காதில் விழாத இடத்தில் பேசுங்கள்.

எச்சரிக்கைக் கடிதத்தில் 'சோம்பேறி', 'பொறுப்பில்லை' என்றெல்லாம் எழுத வேண்டாம். தேதி, கடை, சரக்கு இறங்கிய நேரம், அவ்வளவுதான். வேலை சரியில்லை என்று காரணம் காட்டி நீக்கினால் நிரூபிப்பது முதலாளி பொறுப்பு. அவர் ஒரு மாதத்துக்குள் முறையிடலாம். அதனால் டெலிவரி சீட்டுகளையும் கடைக்காரர்களின் வாட்ஸ்அப் திட்டுகளையும் சேர்த்து வைத்தேன்.

கடிதத்தை வாங்கிப் படித்தார், கையெழுத்துப் போடவில்லை. மறுநாள் 6.40-க்கே வேன் கிளம்பிவிட்டது! கொஞ்ச நாள்தான், அப்புறம் பழைய குருடி கதவைத் திறடி. இரண்டாவது கடிதத்தைப் பார்த்ததும், "நானே போறேன்" என்றார். வாய்ச்சொல் செல்லாது, எழுத்தில் வேண்டும் என்றதற்கு ஒரு சண்டை. கடைசியில் "வேலை வேணாம்" என்று ஒரு வாட்ஸ்அப். போதும் சாமி என்று படம் பிடித்து வைத்துக்கொண்டேன்.

அறிவிப்புக் காலத்தை முடித்து விலகுபவருக்குக் கடைசி நாளே கணக்கைத் தீர்க்க வேண்டும், எடுக்காத விடுப்புக்கும் சேர்த்து. தீர்த்தேன். அவர் சீட்டைப் புரட்டிப் பார்த்து, ஒரு நாள் விடுப்பு குறைகிறதே என்றார். கணக்கு நிறுவனம்தான் விட்டிருந்தது. எங்கள் கடையில் அவர் இவ்வளவு கவனமாகப் பார்த்த காகிதம் வேறு இல்லை. அந்தப் பணத்தையும் அங்கேயே நின்று கைப்பேசியிலேயே, பேநவ் பணப் பரிமாற்றத்தில் அனுப்பினேன்.